1040-க்குப் பின்னால் இரண்டு எழுத்து: டெக்சாஸ் வரிக்கால நாட்குறிப்பு

பிப்ரவரி 2, 2025, ஞாயிறு

டபிள்யூ-2 (சம்பளமும் பிடித்த வரியும் காட்டும் சீட்டு) இரண்டும் வந்துவிட்டன. மே வரை பல்கலைக்கழகம், ஜூலை முதல் இப்போதைய வேலை. போன வருடம் வரை கண்ணை மூடிக்கொண்டு 1040-என்ஆர் போட்டேன்; அது நான்-ரெசிடென்டுகளுக்கான வரிப் படிவம், ரெசிடென்டுகளுக்கு வெறும் 1040. இந்த வருடம் அப்படி முடியாது.

நான் 2019 ஆகஸ்டில் எஃப்-1 விசாவில் வந்தேன். மாணவர்களுக்கு முதல் ஐந்து வருடங்கள் இங்கே இருந்த நாட்களை, ரெசிடென்டா என்று பார்க்கும் கணக்கில் ஐஆர்எஸ் (அமெரிக்க வரித் துறை) சேர்ப்பதில்லை. ஆனால் ஐந்து வருடம் என்றால் வந்த தேதியிலிருந்து ஐந்து வருடம் இல்லை, ஐந்து காலண்டர் வருடம். ஒரு நாள் தங்கினாலும் ஒரு முழு வருடம் கழிந்துவிடும். 2019-ல் நான் இருந்த நான்கு மாதமே ஒன்று. அங்கிருந்து எண்ணினால் 2023-ல் ஐந்தும் தீர்ந்தது.

ஐ-94 (நாட்டுக்குள் வந்துபோன பதிவு) தளத்தில் பயணத் தேதிகளை எடுத்துப் பார்த்தேன். 2024-ல் ஜனவரி 1 முதல் ஊருக்குக் கிளம்பிய டிசம்பர் 10 வரை 345 நாள். ரெசிடென்ட் ஆகத் தேவை 183. முந்தைய வருடத்தில் மூன்றில் ஒரு பங்கு, அதற்கு முந்தைய வருடத்தில் ஆறில் ஒரு பங்கு என்று கூட்டச் சொல்வார்கள். எனக்கு அவை இரண்டும் பூஜ்ஜியம்தான். 345-ஏ போதும். ஆக வரிக்கு மட்டும் நான் ரெசிடென்ட். விசா அதே மாணவர் விசாதான், படிப்பு முடித்த மாணவர்களுக்குத் தரும் ஓபிடி அனுமதியில்தான் வேலை. கிரீன் கார்டுக்கும் இதற்கும் சம்பந்தம் கிடையாது.

பிப்ரவரி 9, ஞாயிறு

காலையில் சித்தி மகள் போனும் கையுமாக ஓடி வந்தாள். (வீட்டில் எல்லோருக்கும் சின்னவள், இங்கேயும் அப்படியே எழுதுகிறேன். 2023 ஆகஸ்டில் முதுகலை படிக்க வந்தவள், என்னோடுதான் தங்கியிருக்கிறாள்.) "அக்கா, நேத்து ராத்திரியே டாக்ஸ் முடிச்சிட்டேன். 905 டாலர் திரும்ப வருது!"

பிடித்த வரி மொத்தமும் திரும்ப வருகிறதா? எனக்கு வயிற்றைக் கலக்கியது. பிடிஎஃப்பைத் திறக்கச் சொன்னேன். மேலே இடது மூலையில் 1040 என்று மட்டும் இருந்தது. என்ஆர் இல்லை.

எங்கே தவறியது என்று இருவரும் உட்கார்ந்து மறுபடி பார்த்தோம். அந்த மென்பொருளின் பெயர் இங்கே வேண்டாம். ஆரம்பத்திலேயே ஒரு கேள்வி வருகிறது: நீங்கள் அமெரிக்கக் குடிமகனா, அல்லது ரெசிடென்டா? "ரெண்டு வருஷமா ரிச்சர்ட்சன்லதானே குடியிருக்கேன்" என்று ஆமாம் போட்டிருக்கிறாள். குடியிருப்பவள் என்ற பொருளில் அவள் சொன்ன பதில் சரி. வரிச் சட்டத்தின் பொருளில் தவறு. அதற்கப்புறம் வந்த நாற்பது கேள்விகளும் வேறொருவருக்கானவை.

அவள் மேல் எனக்குக் கோபமே வரவில்லை. இப்படி ஒரு சொல்லுக்கு இரண்டு பொருள் இருக்கிறது என்று 22 வயதில் யார் சொல்லித் தருகிறார்கள்?

பிப்ரவரி 16, ஞாயிறு

மதியம் முழுக்கச் சாப்பாட்டு மேசையில் கணக்கு. கேம்பஸ் வேலையில் 8,620 டாலர், கோடை இன்டர்ன்ஷிப்பில் 9,400. மொத்தம் 18,020.

நான்-ரெசிடென்டுகளுக்குப் பொதுவாக, வருமானத்திலிருந்து ஒரு நிலையான தொகையைக் கழித்துக்கொள்ளும் ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷன் கிடையாது. இந்திய மாணவர்களுக்கு உண்டு. இந்திய–அமெரிக்க வரி ஒப்பந்தத்தின் 21-ஆம் பிரிவில் இரண்டாவது பத்தி அதைத் தருகிறது. 1040-என்ஆர் படிவத்தின் 12-ஆம் வரியிலேயே, இந்தியாவைச் சேர்ந்த சிலருக்கு ஸ்டாண்டர்ட் டிடக்‌ஷன் என்று அச்சிட்டிருக்கிறார்கள். அதைச் சின்னவளுக்கு விரல் வைத்துக் காட்டினேன். உலகத்தில் இத்தனை நாடுகள் இருக்க, அந்த வரியில் நம் நாட்டின் பெயர் மட்டும் இருப்பதைப் பார்த்து அவள் முகத்தில் கொஞ்சம் தெளிச்சி வந்தது.

2024-க்கு அது 14,600 டாலர். கழித்தால் மீதி 3,420, வரி 343. அவளிடம் பிடித்தது 905, திரும்ப வேண்டியது 562. மிச்சம் 343 எங்கிருந்து வந்தது? படிப்புச் செலவுக்கான வரிச் சலுகை. மென்பொருள் கல்லூரிக் கட்டண ரசீதைக் கேட்டது, இவளும் கொடுத்தாள். வருடம் முழுக்க நான்-ரெசிடென்டாக இருப்பவருக்கு அந்தச் சலுகை இல்லை. மாறாக, வங்கியில் வந்த 64 டாலர் வட்டியை வருமானத்தில் சேர்த்திருந்தது. நான்-ரெசிடென்டுக்கு அந்த வட்டிக்கு இங்கே வரியே கிடையாது. ஒரு பக்கம் இல்லாத சலுகை, இன்னொரு பக்கம் இல்லாத வரி.

"343 டாலர்தானே அக்கா, கண்டுபிடிப்பாங்களா?" என்று மெதுவாகக் கேட்டாள். பொய் சொன்னால் பொய்ச் சத்தியத்துக்கான தண்டனை உண்டு என்ற வாசகத்துக்குக் கீழேதான் கையெழுத்துப் போடுகிறோம். தெரியாமல் செய்தது வேறு, தெரிந்த பிறகு விட்டுவைப்பது வேறு. 2020-ல் கொரோனா நிவாரணம் 1,200 டாலர் வந்தபோது, தவறாக 1040 போட்ட மாணவர்கள் பலருக்கும் அது வந்து சேர்ந்தது. எப்படித் திருப்பி அனுப்புவது என்று ஐஆர்எஸ் விளக்கம் போட வேண்டியிருந்தது. அந்த வருடம் தூக்கமில்லாமல் அலைந்த சீனியர்களை நான் பார்த்திருக்கிறேன்.

மார்ச் 1, சனி

பல்கலைக்கழகத்தின் சர்வதேச மாணவர் அலுவலகம் நான்-ரெசிடென்டுகளுக்கான வரி மென்பொருள் ஸ்பிரின்டாக்ஸுக்கு ஒரு குறியீட்டு எண் அனுப்பியிருக்கிறது. அதைப் போட்டால் மத்திய வரிக்கான கட்டணம் இல்லை. மாநில வரிக்குத் தனியாகக் கேட்பார்கள். டெக்சாஸில் சம்பளத்துக்கு மாநில வரி கிடையாது என்பதால் எங்களுக்கு அந்தச் செலவு இல்லை.

இது எடுத்த எடுப்பிலேயே கேட்பது விசா வகை, முதலில் நாட்டுக்குள் வந்த தேதி, ஒவ்வொரு முறை போய்வந்த தேதி. நீங்கள் ரெசிடென்டா இல்லையா என்பதை அதுவே கணக்குப் போட்டுச் சொல்கிறது. எல்லோரும் உபயோகிக்கும் டர்போடாக்ஸ், ஃப்ரீடாக்ஸ்யுஎஸ்ஏ மென்பொருள்கள் 1040-என்ஆர் தயாரிப்பதில்லை. டர்போடாக்ஸே நான்-ரெசிடென்டுகளை ஸ்பிரின்டாக்ஸுக்குத்தான் அனுப்புகிறது. சில பல்கலைக்கழகங்கள் கிளேசியர் டாக்ஸ் பிரெப் என்ற இதே மாதிரி மென்பொருளைத் தருகின்றன. விட்டா என்ற இலவசத் தன்னார்வ மையங்களுக்கும் போகலாம், ஆனால் வெளிநாட்டு மாணவர் கணக்கில் பயிற்சி பெற்றவர்கள் அங்கே இருக்கிறார்களா என்று கேட்டுவிட்டுப் போக வேண்டும்.

சின்னவளின் இன்டர்ன்ஷிப் டபிள்யூ-2-வில் 4, 6 கட்டங்களில் எண்கள் இருந்தன: 582.80, 136.30. சோஷியல் செக்யூரிட்டியும் மெடிகேரும், அதாவது ஓய்வூதியத்துக்கும் முதியோர் மருத்துவத்துக்கும் சம்பளத்தில் பிடிக்கும் வரிகள். எஃப்-1 நான்-ரெசிடென்டிடம் அவற்றைப் பிடிக்கக் கூடாது. என் சீட்டில் அதே கட்டங்கள் நிரம்பியிருப்பது சரி, அவளுடையதில் தவறு. மொத்தம் 719.10 டாலர், சும்மா விடக்கூடிய தொகை இல்லை. முதலில் கம்பெனியைக் கேட்க வேண்டும்; அவர்கள் தராவிட்டால் 843, 8316 படிவங்களை ஐஆர்எஸுக்கு அனுப்ப வேண்டும். மின்னஞ்சல் எழுத வைத்தேன்.

இன்னொன்றும் தெரிந்தது. 2023-ல் வருமானம் இல்லையென்று, மாணவராக இருந்த நாட்களைக் கணக்கில் சேர்க்க வேண்டாம் என்று தெரிவிக்கும் 8843 படிவமே அனுப்பாமல் இருந்திருக்கிறாள். வருமானம் இல்லாத மாணவரும் அதை அனுப்ப வேண்டும். தாமதமானாலும் பரவாயில்லை என்று அன்றைக்கே நிரப்பினோம்.

மார்ச் 9, ஞாயிறு

இன்று முதல் கோடைக்கால நேரம். பாளையங்கோட்டைக்கு இனிப் பத்தரை மணி நேர வித்தியாசம். அப்பா தூங்குவதற்குள் கூப்பிட்டேன்.

ரெசிடென்ட் ஆனதும் உலகத்தில் எங்கே வருமானம் வந்தாலும் இங்கே காட்ட வேண்டும். வெளிநாட்டில் இருப்பவர்களுக்கான என்ஆர்இ வங்கிக் கணக்கின் வட்டிக்கு இந்தியாவில் வரி இல்லை, இங்கே உண்டு. இதுவரை சரி. வட்டி வருமானத்தைக் காட்டும் இணைப்புப் படிவமான ஷெட்யூல் பி-யில் வெளிநாட்டுக் கணக்கு ஏதாவது இருக்கிறதா என்று ஒரு சின்னக் கட்டம். அதில் டிக் போடும்போதுதான் அப்பா ஓய்வு பெற்றபோது போட்ட வைப்புத்தொகை ஞாபகம் வந்தது. 12 லட்சம். என் பெயரையும் சேர்த்திருக்கிறார், தனக்கு ஏதாவது ஆனால் நான் வங்கி வாசலில் நிற்கக் கூடாது என்று.

வெளிநாட்டுக் கணக்குகள் எல்லாம் சேர்ந்து வருடத்தில் ஒரு நாளாவது 10,000 டாலரைத் தாண்டினால் எஃப்பார் என்ற வெளிநாட்டுக் கணக்கு அறிக்கையைத் தாக்கல் செய்ய வேண்டும். கூட்டுக் கணக்கென்றால் பாதி இல்லை, முழுத் தொகையையும் காட்ட வேண்டும்.

"அது என் காசும்மா, உனக்கு எதுக்கு வரி?" அப்பா பதறிவிட்டார். பணம் அவருடையது, வட்டியும் அவருடைய வருமானம். கணக்கு இருப்பதைத் தெரிவிக்க வேண்டும், அவ்வளவுதான் என்று மூன்று தடவை சொன்னேன். "அப்போ பேரை எடுத்திரட்டுமா?" என்றார். அந்தக் கேள்வி இன்னும் மனசில் கிடக்கிறது. வேண்டாம்ப்பா, இருக்கட்டும் என்றேன்.

மார்ச் 22, சனி

அப்பா பாஸ்புக்கின் ஒவ்வொரு பக்கத்தையும் படமெடுத்து வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார், அட்டை உட்பட. எஃப்பாருக்குக் கணக்கு எண், வங்கி முகவரி, அந்த வருடத்தில் இருந்த அதிகபட்சத் தொகை போதும். டிசம்பர் 31 மாற்று விகிதத்தில் டாலராக்க வேண்டும். இது வரிப் படிவத்தோடு போவதில்லை, அரசின் பிஎஸ்ஏ இ-ஃபைலிங் தளத்தில் தனியாக, இலவசமாக. மென்பொருளில் எல்லாம் முடிந்தது என்று பச்சை டிக் வந்தாலும் இது முடிந்திருக்காது.

ஊரில் போட்ட மியூச்சுவல் ஃபண்ட் மூன்று லட்சம் இருக்கிறது. அதற்கு 8621 என்று ஒரு படிவம். வீட்டில் உபயோகிக்கும் மென்பொருள்கள் பெரும்பாலும் அதைத் தருவதில்லை. வருடக் கடைசியில் மொத்தம் 25,000 டாலருக்குள் இருந்து, விற்காமல், பெரிய தொகை எதுவும் வராமலிருந்தால் அனுப்ப வேண்டியதில்லை. தப்பித்தேன். ஊரில் பெரிதாக எஸ்ஐபி போட்டிருப்பவர்கள் இதைத் தெரிந்த கணக்காளரிடம் போவது நல்லது. வட்டியோடு கூட்டிக் கழிக்கும் அந்தக் கணக்கை நாமே போட முடியாது.

என் 1040-ஐ ஃப்ரீடாக்ஸ்யுஎஸ்ஏவில் அனுப்பிவிட்டேன். மத்திய வரிக்குக் கட்டணம் இல்லை.

ஏப்ரல் 5, சனி

தபால் அலுவலகம். ஏற்கனவே அனுப்பியதைத் திருத்தும் படிவமான 1040-எக்ஸின் முதல் பக்கத்தில் பெயர், முகவரி, எண் மட்டும். உள்ளே காரணம் இரண்டு வரி. பின்னால் புதிய 1040-என்ஆர், அதன் தலையில் 'அமெண்டட்' என்று கையால் எழுத வேண்டும். சின்னவள் அதை நோட்டில் இரண்டு முறை எழுதிப் பழகிவிட்டு எழுதினாள். 905 டாலர் போன மாதமே வந்துவிட்டது, அதில் 343-ஐத் தொடாமல் வைத்திருந்தாள். செக் புத்தகம் இல்லாததால் கவுன்டரிலேயே 'யுனைடெட் ஸ்டேட்ஸ் டிரஷரி' பெயருக்கு மணி ஆர்டர் வாங்கினாள். ஆஸ்டின், 73301-0215. சான்றளித்த தபாலுக்குக் கொடுத்த பச்சைச் சீட்டை பாஸ்போர்ட்டுக்குள் வைத்துக்கொண்டாள்.

ஏப்ரல் 14, திங்கள்

சித்திரை ஒன்று. காலையில் மாங்காய்ப் பச்சடி. வேப்பம்பூ அம்மா கொடுத்தனுப்பியது. நாளை கடைசி நாள். எஃப்பாருக்கு அக்டோபர் வரை தானாகவே அவகாசம் உண்டு, ஆனால் தள்ளிப்போட மனமில்லை. வேலைக்குக் கிளம்பும் முன் அனுப்பினேன். வந்த ரசீதை அப்பாவுக்கும் அனுப்பினேன். பிரிண்ட் எடுத்து பாஸ்புக்கோடு வைப்பதாகச் சொன்னார்.

இன்டர்ன்ஷிப் கம்பெனியிடமிருந்து இன்னும் பதில் இல்லை. மே முதல் வாரம் வரை பார்ப்போம், அப்புறம் 843.