இரண்டு டப்பா சாக்லேட்டும் ஒரு மரண தண்டனையும்

நேற்றிரவு ஜெர்மானிய இயக்குநர் வொல்ஃப்காங் ஷ்டௌட்டேயின் 'அரசு வழக்கறிஞருக்கு ரோஜாக்கள்' (1959) படத்தை மறுபடியும் பார்த்தேன். போரின் இறுதியில் இரண்டு டப்பா சாக்லேட்டுக்காக ஒரு சிப்பாய்க்கு மரண தண்டனை கேட்ட ராணுவ வழக்கறிஞர், போருக்குப் பின் மேற்கு ஜெர்மனியில் மதிப்புமிக்க அரசு வழக்கறிஞராக உலவுகிறார். உயிர் தப்பிய அதே சிப்பாய் மீண்டும் அவர்முன் குற்றவாளிக் கூண்டில் நிற்கும்போது, பழைய நாக்கு தன்னையறியாமல் மரண தண்டனை என்றே வாதிட்டுவிடுகிறது. வாய் தவறிய அந்தக் கணத்தில் நடிகர் மார்ட்டின் ஹெல்டின் முகத்தை என்னால் மறக்கவே முடியவில்லை.

நாஜிக் காலத்தில் யூத வெறுப்புப் படமொன்றில் சிறு வேடத்தில் தோன்றியவர் ஷ்டௌட்டே என்பதையும் சொல்லியாக வேண்டும். அவரே 1946இல், பெர்லின் இடிபாடுகளுக்கு நடுவே, போருக்குப் பிந்தைய முதல் ஜெர்மானியத் திரைப்படமான 'கொலைகாரர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்' என்பதை எடுத்தார். அதில் நாயகன் தன் பழைய படைத்தளபதியைச் சுட்டுக் கொல்வதாக முதலில் எழுதப்பட்டிருந்த முடிவு, சோவியத் அதிகாரிகளின் வற்புறுத்தலால் மாற்றப்பட்டது. ஹைன்ரிஷ் மன்னின் நாவலிலிருந்து கிழக்கு ஜெர்மனியில் அவர் உருவாக்கிய 1951ஆம் ஆண்டுப் படத்தை மேற்கு ஜெர்மனி பல ஆண்டுகள் திரையிட விடவில்லை. இடையில் 'குட்டி முக்கின் கதை' என்ற குழந்தைகள் படம், பிற்காலத்தில் தொலைக்காட்சித் தொடர்கள். இவ்வளவு செய்தவரை நம் திரைப்பட விழாக்கள் ஏன் நினைப்பதே இல்லை என்பதுதான் என் ஆதங்கம்.