வெறும் கட்டங்கள்

"வேணாம்மா, உள்ள வைங்க."

நான் சொன்னது இவ்வளவுதான். நாலு வருஷம் ஆகிறது.

லோக் அதாலத்தில், அதாவது கேஸை சமரசமாக முடித்துவைக்கிற மக்கள் நீதிமன்றத்தில், மேஜைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்த இன்சூரன்ஸ் அதிகாரி, "வருமானத்துக்கு ஆதாரமே இல்லையே வக்கீல் சார், மாசம் 12,000 போட்டுக்கலாம்" என்றார். உடனே அந்தம்மா மடியிலிருந்த மஞ்சப்பைக்குள் கையை விட்டார். உள்ளே என்ன இருக்கிறதென்று எனக்குத் தெரியும். அதனால்தான் தடுத்தேன்.

மளிகைக் கடையில் ஓசியாகக் கொடுக்கிற மாதக் காலண்டர். மகன் அன்றாடம் வீட்டில் கொடுத்த துட்டை ஒவ்வொரு கட்டத்திலும் குறித்து வைத்திருந்தார். 400, 550, ஞாயிறு என்றால் 900. காசிமேட்டில் போட்டுகளுக்கு ஐஸ் ஏற்றும் வேலை. வயது 24. எண்ணூர் விரைவுச் சாலை, விடிகாலை, கன்டெய்னர் ட்ரெய்லர். மற்றது இந்தப் பக்கத்து ஆட்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

நஷ்டஈட்டு மனு போடும்போதே அந்தக் காலண்டரைக் கொண்டுவந்தார். புரட்டினேன். ஏப்ரல் 15-லிருந்து ஜூன் 14 வரை, மீன்பிடித் தடைக்காலம் 61 நாளும், ஏறக்குறைய வெறும் கட்டங்கள். மனுவில் நான் எழுதியிருந்தது மாதம் 25,000. இதைக் கொண்டுபோய் ஆதாரமாக மார்க் பண்ணினால் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் அந்த இரண்டு மாதத்தில்தான் விரலை வைப்பார். "வீட்லயே இருக்கட்டும்மா" என்று திருப்பிக் கொடுத்துவிட்டேன்.

தப்பு என்று இப்போதும் அடித்துச் சொல்ல முடியவில்லை. தாயே எழுதின கணக்கு. "எல்லாத்தையும் நேத்து ராத்திரி உட்காந்து எழுதினீங்களா?" என்று குறுக்கு விசாரணையில் ஒரு கேள்வி போதும், அந்தம்மா உடைந்துவிடுவார். ஆனால் அது ஒரே ராத்திரியில் எழுதினதல்ல. மூன்று நிற மை. ஒரு கட்டத்தில் பேனா தீர்ந்துபோய் 6 மட்டும் மையிலும் 50 வெறும் கீறலாகவும் இருந்தது. ஆகஸ்டு தாளில் மஞ்சள் கறை. இதையெல்லாம் யாராலும் ஜோடிக்க முடியாது. நான் பார்த்தேன். பார்த்தும் சொன்னேன், உள்ள வைங்க.

அன்றைக்கு வராந்தாவில் கணக்கை விளக்கினேன். 12,000-த்தோடு வருங்கால உயர்வு 40 சதவீதம், 16,800. கல்யாணம் ஆகாதவன், அதனால் சொந்தச் செலவுக்குப் பாதி கழியும். மீதி 8,400, பன்னிரண்டு மாதம், 24 வயதுக்கு 18 மடங்கு. 18 லட்சத்துச் சொச்சம். ஹெல்மெட் இல்லை, இடப்பக்கம் ஏறினான் என்று அதிலும் குறைத்து, மற்ற நஷ்டஈட்டுத் தலைப்புகளையும் சேர்த்து, 16-க்கு வந்து நிற்கிறார்கள்.

அவருக்கு மடங்கு, சதவீதம் எதுவும் உறுத்தவில்லை. பாதிதான் உறுத்தியது.

"பாதிய அவனே துன்னுட்டான்னு யார் சார் சொன்னது? அவன் துன்னது என் வூட்டு சோறு."

"சட்டம்மா அது."

சட்டம் என்றால், சரளா வர்மா வழக்கில் 2009-இல் உச்ச நீதிமன்றம் போட்ட கணக்கு. 40 சதவீதம் 2017-இல் பிரணய் சேத்தி வழக்கில் வந்தது. கல்யாணமாகாதவனை நம்பி விதவைத் தாயும் சம்பாதிக்காத தம்பி தங்கைகள் நிறைய பேரும் இருந்தால், பாதிக்குப் பதில் மூன்றில் ஒரு பங்கு கழித்தால் போதும் என்று அதே 2009 தீர்ப்பில் இருக்கிறது. இவருக்கு ஒரே மகள், கட்டிக்கொடுத்தாயிற்று. ஒற்றைத் தாய் 'பெரிய குடும்பம்' ஆக மாட்டார்.

கையெழுத்தானதும் பையை என்னிடம் கொடுத்துவிட்டுத் தண்ணீர் குடிக்கப் போனார். சும்மா இருக்காமல் காலண்டரை எடுத்து போன் கால்குலேட்டரில் கூட்டினேன். அதுவரை ஒரு தடவைகூடக் கூட்டிப் பார்த்ததில்லை. தடைக்காலத்தையும் சேர்த்து வருஷத்துக்கு 1,31,400. மாதம் ஏறக்குறைய 11,000, அவர் கைக்கு வந்தது. கம்பெனி கணக்கில் அவர் பங்கு 6,000. மகன் பாதியைத் தனக்கென்று வைத்துக்கொண்டான் என்ற சட்டத்தின் பேச்சையே எடுத்துக்கொண்டாலும் சம்பாத்தியம் 22,000 ஆகிறது. அப்படிப் போட்டால் 33 லட்சம் தாண்டும்.

போட்டிருப்பார்களா? தெரியாது. தீர்ப்பாயம் ஏற்றாலும் கம்பெனி ஹைகோர்ட்டுக்கு அப்பீல் போகும், இன்னும் எத்தனையோ வருஷம். மகள் கல்யாணக் கடனுக்கு வட்டி கட்டிக்கொண்டிருந்தவருக்கு 16 லட்சம் கைக்கு வந்தது. இதையும் சொல்லிவிடுகிறேன்: கேஸ் முடிந்தால்தான் எனக்கும் ஃபீஸ். அந்த மாதம் ஆபீஸ் வாடகை பாக்கி.

அவர் திரும்பி வந்தபோது காலண்டரைப் பைக்குள் வைத்துவிட்டிருந்தேன். கூட்டினதைச் சொல்லவில்லை. லோக் அதாலத்தில் முடிந்ததற்கு அப்பீல் கிடையாது, இனி சொல்லி என்ன ஆகப்போகிறது என்று அப்போது நினைத்தேன். அவருக்காக நினைத்தேனா, எனக்காகவா என்பதில்தான் குழப்பம். போன தை மாதம் ஆபீசுக்கு ஒரு முழு வஞ்சிரம் கொண்டுவந்து கொடுத்தார். வாங்கிக்கொண்டேன்.

அதற்கப்புறம் கொடுங்கையூரில் இட்லிக் கடை வைத்திருக்கும் ஒரு அம்மா வந்தார். வீட்டுக்காரர் ஷேர் ஆட்டோ ஓட்டியவர். கூடவே ஒரு சீட்டு நோட்டு: மாதம் எவ்வளவு கட்டினார், எந்த மாதம் கட்டவில்லை, எல்லாம் அதில் இருந்தது. வாங்கி முதல் பக்கத்திலிருந்து கடைசி வரை கூட்டினேன். விட்டுப்போன மாதங்களோடு சேர்த்து அப்படியே தாக்கல் செய்தேன்.

மூன்றாவது வருஷம் நடக்கிறது. சீட்டுப் பிடித்தவரைச் சாட்சிக்குக் கூப்பிட்டு இரண்டு வாய்தா போய்விட்டது, ஆள் வரவில்லை. மாதம் தவறாமல் அந்தம்மா போன் செய்கிறார்.

"லோக் அதாலத்துல போட்டு முடிச்சிடலாமா சார்?"