ஆறடிப் பெட்டி

டிசம்பர் 3
ரைட் சகோதரர்கள் என்றால் எல்லோரும் அவர்கள் விமானத்தில் பறந்த 1903-ஐப் பேசுகிறோம். என் மனசு 1901-லேயே நிற்கிறது. அந்தக் கோடையில் அமெரிக்காவின் கிட்டி ஹாக் மணல்மேட்டில் அவர்களுடைய கிளைடருக்கு, அதாவது எஞ்சின் இல்லாத பறக்கும் கருவிக்கு, கணக்கிட்டதில் மூன்றில் ஒரு பங்கு தூக்குவிசைதான் கிடைத்தது. கணக்குக்கு ஆதாரம், ஜெர்மானியர் ஓட்டோ லிலியந்தாலின் தூக்குவிசை அட்டவணை. அவரிடம் கேட்கவும் வழியில்லை. 1896-இல் கிளைடரோடு விழுந்து இறந்திருந்தார்.

டிசம்பர் 6
சைக்கிள் கடைக்காரர்கள் அல்லவா, சந்தேகம் வந்ததும் சைக்கிளைத்தான் எடுத்தார்கள். ஹேண்டில்பாருக்கு முன்னால் இன்னொரு சக்கரத்தைப் படுக்கவைத்து, விளிம்பில் ஒரு சின்ன இறக்கையும் ஒரு தட்டைத் தகடும் பொருத்தினார்கள். தங்கள் ஊரான டேட்டனின் தெருவில் வேகமாக மிதித்தார்கள். அட்டவணை சரியென்றால் இரண்டின்மேலும் படும் விசை சமமாகி, அந்தப் படுத்த சக்கரம் அசையாமல் நிற்க வேண்டும். திரும்பியது! இதைப் படித்துவிட்டு வெகுநேரம் தூக்கம் வரவில்லை.

டிசம்பர் 9
அப்புறம்தான் இறக்கைகளைக் காற்றில் வைத்துச் சோதிக்கும் அந்தப் பெட்டி. 6 அடி நீள மரப்பெட்டி, ஒரு முனையில் விசிறி. உள்ளே இருந்த தராசை ரம்பத் தகட்டிலும் ஸ்போக் கம்பியிலும் செய்திருந்தார்கள். இறக்கையின் தூக்குவிசையைத் தட்டைத் தகடுகள் வாங்கும் காற்றின் எதிர்ப்போடு ஒப்பிட்டது அது. காற்று கொஞ்சம் கூடினாலும் குறைந்தாலும் இரண்டும் சேர்ந்தே மாறும், விகிதம் மாறாது. என்ன ஒரு யோசனை! சுமார் 200 இறக்கை வடிவங்களைச் சோதித்தார்கள்.

டிசம்பர் 11
அட்டைப்பெட்டியும் டேபிள் ஃபேனும் வைத்து நானும் முயன்றேன். உள்ளே தொங்கவிட்ட நூல் சுழன்றுகொண்டே இருந்தது. ஃபேன் காற்று முறுக்கிக்கொண்டுதான் வருகிறது. அவர்கள் அதை நேராக்கத் தடுப்புக் கட்டங்கள் வைத்திருந்தார்கள்.

டிசம்பர் 13
லிலியந்தாலின் அட்டவணை பெருமளவு சரியாகத்தான் இருந்தது. பெரிய பிழை, காற்றின் விசையைக் கணக்கிட நூறாண்டுக்கும் மேலாக எல்லோரும் நம்பிய ஸ்மீட்டன் எண்ணில். 0.005 என்று எடுத்துக்கொண்டிருந்தது உண்மையில் 0.0033-ஐ ஒட்டி இருந்தது. பறப்பதற்காகவே உயிரை விட்டவர்மேல் விழுந்த சந்தேகம் இப்படி நீங்கியதில் எனக்கு அவ்வளவு நிம்மதி.

டிசம்பர் 17
1903-இல் இதே நாள் நான்கு முறை பறந்தார்கள். முதலில் ஆர்வில், 12 வினாடி, 120 அடி. கடைசியில் வில்பர், 59 வினாடி, 852 அடி. எஞ்சின் வெறும் 12 குதிரைசக்திதான். அது போதுமானதாக இருந்ததற்கு விமானத்தைத் தள்ளும் சுழலிகள் (புரொப்பல்லர்) முக்கியக் காரணம். சுழலி என்பதும் சுற்றுகிற இறக்கைதான் என்று பார்த்து, பெட்டி தந்த எண்களை வைத்தே அதையும் செதுக்கியிருந்தார்கள்.

நாளைக்கு என் அட்டைப்பெட்டியில் காற்றை நேராக்க ஸ்ட்ரா அடுக்கிப் பார்க்க வேண்டும்.