மேலையகத்து நெருப்பு: முக்திநாத் யாத்திரை

மாயாஜாலக் கதை எழுதுவோர் தம் உலகில் தண்ணீரோடு சேர்ந்து எரியும் ஒரு தீயைப் படைத்துவிட்டால், அதைத் தேடிப் போகிறவனுக்கு வழியெல்லாம் பனிமலையும் பேய்க்காற்றும் வைப்பார்கள். நேபாளத்தின் முஸ்தாங் மாவட்டத்தில், ஏறத்தாழ 3,700 மீட்டர் உயரத்திலுள்ள முக்திநாத்தில் அந்தத் தீ, அந்த மலை, அந்தக் காற்று மூன்றும் கற்பனையின்றியே இருக்கின்றன. ஆழ்வார்கள் பாடிய 108 திவ்யதேசங்களுள் ஒன்றான திருச்சாளக்கிராமமாக வைணவர்கள் சேவிக்கும் தலம் இது. 'சாளக்கிராமம் அடை நெஞ்சே' என்று திருமங்கையாழ்வார் தம் நெஞ்சைத்தான் அங்கே போகச் சொன்னார். உடம்பையும் கூட்டிக்கொண்டு போவது தனிப் பாடு.

பொக்காராவிலிருந்து ஜோம்சோமுக்குச் சிறு விமானத்தில் போனோம். 8,167 மீட்டர் உயரமுள்ள தௌலகிரிக்கும் 8,091 மீட்டர் உயரமுள்ள அன்னபூர்ணாவுக்கும் நடுவே காளி கண்டகி நதி அறுத்துக்கொண்டு ஓடும் பள்ளத்தாக்கு வழியாகவே அந்த விமானம் பறக்கிறது. முற்பகல் ஏற ஏறத் தெற்கிலிருந்து கிளம்பும் காற்று ஆளையே தள்ளும் அளவுக்கு வலுத்துவிடுவதால், விமானங்கள் காலையிலேயே வந்து திரும்பிவிடுகின்றன. ஜோம்சோமிலிருந்து ராணிபௌவா வரை ஜீப். அதற்கு மேல் நடைதான், முடியாதவர்களுக்குக் குதிரை. சில மணி நேரத்துக்குள் ஆயிரம் மீட்டர் உயரம் ஏறிவிடுவதால், நம்மூர் வேகத்தில் படியேறினால் மூச்சு முட்டும்; பத்து அடிக்கு ஒருமுறை நின்று திருநாமம் சொல்லி ஏறுவதே உடலுக்கும் நல்லது, யாத்திரைக்கும் பொருத்தம்.

வழியில் நதிப்படுகையெங்கும் கிடக்கும் கறுப்புக் கற்களுள் சக்கரம் பதிந்தவையே சாளக்கிராமங்கள். இமயம் எழுவதற்கு முன்பு இங்கே பரந்திருந்த டெதிஸ் கடலில் வாழ்ந்து, ஏறத்தாழ 14 கோடி ஆண்டுகளுக்கு முன்பு சேற்றில் புதைந்த அம்மோனைட் என்னும் சுருளோட்டு உயிர்களின் சுவடு அது என்று நிலவியலார் சொல்கிறார்கள். பாற்கடலில் பள்ளிகொண்டவனின் திருமேனியாக நாம் வீட்டில் வைத்துத் திருமஞ்சனம் செய்யும் கல்லும் ஒரு கடலின் அடியிலிருந்தே வந்தது என்பதை அங்கே நின்று நினைக்கையில், எனக்கு அது அறிவியலுக்கும் பக்திக்கும் சண்டையாகத் தோன்றவில்லை.

கோயில் சிறியது, அடுக்குக் கூரை கொண்ட நேபாளப் பாணிக் கட்டடம். அதன் பின்புறம் அரைவட்டமான மதிலில் 108 காளைமுகத் தாரைகளிலிருந்து மலைநீர் கொட்டுகிறது. அத்தனை தாரைகளிலும் தலை நனைத்து, முன்னாலுள்ள இரண்டு குண்டங்களிலும் முழுகியெழுவது வழக்கம். முதல் தாரையில் உடல் பதறியது. பிறகு குளிரென்று ஒன்று இருப்பதே மரத்துப்போயிற்று. சந்நிதியில் ஸ்ரீதேவி, பூதேவி நாச்சியார்களோடு எழுந்தருளியிருக்கும் பெருமாளுக்கு அருகில் பணிவிடை செய்பவர்கள் புத்த பிக்குணிகள். அவர்களுக்கு இதே திருமேனி கருணையின் போதிசத்துவரான அவலோகிதேஸ்வரர். ஒருவர் திருவடி தொழும் மூர்த்தியை மற்றவர் வேறு பெயரால் தொழுவதில் அங்கே யாருக்கும் மனத்தாங்கல் இருப்பதாகத் தெரியவில்லை.

நான் சொன்ன தீ இந்தச் சந்நிதியில் இல்லை. சற்றுத் தள்ளி, அதே வளாகத்திலுள்ள ஜ்வாலா மாயி கோயிலில் இருக்கிறது. அதுவோ புத்த விகாரம். பீடத்தின் அடியில் வலைக்குப் பின்னால் உள்ள சிறு திறப்பைக் குனிந்து பார்த்தால், ஊறி ஓடும் நீரின் சலசலப்போடு நீலச் சுடர் ஒன்று தெரிகிறது. பிரமன் இங்கே நீரின்மேல் வேள்வித் தீ மூட்டினான் என்பது தலபுராணம். பாறையிடுக்கில் கசியும் இயற்கை எரிவாயு என்பது விளக்கம். விளக்கம் தெரிந்தே போனவன் நான். ஆயினும் திரியும் எண்ணெயுமின்றி எரியும் அதைக் கண்டதும் கைகள் தாமே குவிந்தன.

அப்போது பெரியாழ்வார் பாசுரம் ஒன்று நினைவுக்கு வந்தது. ஆய்ச்சி ஒருத்தி பாலைக் கறந்து அடுப்பில் வைத்துவிட்டு, நெருப்பு வாங்க மேலையகத்துக்கு, அதாவது மேற்கே அடுத்த வீட்டுக்குப் போய்ச் சற்றே பேசி நின்றாளாம். அதற்குள் அந்தப் பாலைச் சாய்த்துக் குடித்துவிட்டு நின்றவனை ஆழ்வார் 'சாளக்கிராமமுடைய நம்பி' என்றே குறிக்கிறார். இந்தத் தலத்து நம்பியைப் பாடும் பாசுரத்தில் நெருப்பு அடுத்த வீட்டில் இருக்கிறது. இங்கேயும் அப்படியே இருக்கிறது. உரைகாரர்கள் இப்படிப் பொருள் கொள்ள மாட்டார்கள், நானும் அதை உரையென்று சொல்ல வரவில்லை. ஆனாலும் பிக்குணிகள் காக்கும் அந்தச் சுடருக்கு முன்னால் அந்தப் பாசுரத்தைச் சொல்லாமல் என்னால் எழுந்திருக்க முடியவில்லை.

எங்கள் குழுவில் பலர் பெருமாளைச் சேவித்த கையோடு, காற்றுக்கு முன்பே ஜோம்சோம் போய்ச் சேரும் அவசரத்தில் இந்த விகாரத்தைப் பாராமலே இறங்கிவிட்டனர். போகிறவர்கள் ஜ்வாலா மாயிக்கும் நேரம் வேண்டுமென்று வழிகாட்டியிடம் புறப்படும்போதே சொல்லிவிட வேண்டும். சில நிமிட நடைதான்.