9,000 பேர் குடியிருந்த ஊர்: கஸ்தெலோரிசோ நாட்குறிப்பு

26 செப்டம்பர் 2025, வெள்ளி

ரோட்ஸ் தீவிலிருந்து கப்பலில் நாலு மணி நேரம் போல ஆனது. கிரேக்கத்தின் கிழக்குக் கடைக்கோடி. எதிரே துருக்கியின் காஷ் நகர விளக்குகள் கைக்கெட்டும் தூரத்தில் தெரிகின்றன. இந்தத் தீவுக்கு ஊர் இது ஒன்றுதான். சாப்பிட உட்கார்ந்த மேசைக்குப் பக்கத்திலேயே கடல். பெரிய ஆமை ஒன்று தலை நீட்டி மூச்சு வாங்கிவிட்டு உள்ளே போனது.

27 செப்டம்பர், சனி

பாறையில் ஏறும் படிகள் 400 இருக்கும். உச்சிக்குப் போய்த் திரும்பிப் பார்த்தேன். துறைமுகத்தைச் சுற்றி வண்ண வீடுகள். அவற்றுக்குப் பின்னால் கூரையில்லாத சுவர்கள், சில வீடுகளுக்குள் அத்திமரம்.

20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கே சுமார் 9,000 பேர். 2011 கணக்கெடுப்பில் 492. ஊற்று கிடையாது, விளைநிலம் பெயருக்குத்தான். அத்தனை பேருக்கும் சோறு போட்டது பாய்மரக் கப்பல். எதிரே துருக்கியின் அனத்தோலியக் கரையின் மரத்தையும் கரியையும் ஏற்றிப் போய் விற்றார்கள். நீராவிக் கப்பல் வந்ததும் அந்தத் தொழில் படுத்தது. கிரேக்க-துருக்கிப் போர் முடிந்த 1922க்குப் பிறகு எதிர்க்கரையில் கிரேக்கர்களே இல்லாமல் போக, வியாபாரத்துக்கும் ஆளில்லை. 1926இல் நிலநடுக்கம் வேறு. குடும்பம் குடும்பமாக ஆஸ்திரேலியாவுக்குக் கிளம்பிவிட்டார்கள்.

28 செப்டம்பர், ஞாயிறு

பலத்த காற்று. 1835இல் கட்டிய தேவாலயத்துக்கு மட்டும் போனேன். உள்ளே நிற்கும் கருங்கல் தூண்கள் எதிர்க்கரையின் பட்டாராவிலிருந்து கடல் தாண்டி வந்தவை.

29 செப்டம்பர், திங்கள்

இதே தேதி, 80 வருடத்துக்கு முன்பு.

அப்போது இந்தத் தீவு இத்தாலியின் கையில். 1943இல் இத்தாலி சரணடைந்ததும் பிரிட்டிஷ் படை இங்கே இறங்கியது. ஜெர்மன் விமானங்கள் குண்டு போட்டன. ஊர் மக்களை சைப்ரஸுக்கு ஏற்றி, அங்கிருந்து காஸா பக்கம் நுசைராத் முகாமுக்கு அனுப்பினார்கள். 1944இல் ஆளில்லாத வீடுகள் தீயில் போயின. 1945 செப்டம்பர் 29 அன்று எகிப்தின் போர்ட் சயீதிலிருந்து சுமார் 500 பேருடன் ஊர் திரும்பிய 'எம்பயர் பேட்ரோல்' கப்பல் நடுக்கடலில் தீப்பிடித்தது. 33 பேர் இறந்தார்கள். போரெல்லாம் முடிந்து, வீட்டுக்குப் போகிற வழியில். இதை எழுதும்போதே மனசு கனக்கிறது.

நான் தங்கியிருக்கும் வீட்டுப் பாட்டியின் அம்மா அந்தக் கப்பலில் வந்து பிழைத்தவர். பாட்டி பெர்த்தில் வளர்ந்தவர். கோடை தவறாமல் வந்துவிடுவார். தாத்தா காலத்து இடிந்த வீட்டைக் கல் கல்லாக எடுத்துக் கட்டியிருக்கிறார். முற்றத்தில் மழைநீர்த் தொட்டி. தொட்டியின் வாய்க்கல்லில் வாளிக் கயிறு அறுத்த பள்ளங்கள், சுண்டுவிரல் உள்ளே போகிற ஆழம்.

"இதில் எங்கள் பாட்டியின் கயிறும் ஒன்று, தொட்டுப் பார் மகளே" என்றார்.

கணக்கெடுப்பில் பாட்டி வரமாட்டார். எனக்கென்னவோ அவரைச் சேர்க்காத கணக்கு சரியில்லை.

30 செப்டம்பர், செவ்வாய்

மதியம் கப்பல். பாட்டியும் அடுத்த வாரம் பெர்த்துக்குக் கிளம்புகிறார். காலையில் ஏணி போட்டுக் கூரைத் தகரக் குழாயில் அடைத்திருந்த சருகையெல்லாம் வழித்தெடுத்தோம். குளிர்கால மழை தொட்டிக்குள் இறங்க வேண்டுமே.