பட்டா திருத்தமும் மாண்டமஸும்: சில குறிப்புகள்

(மாண்டமஸ் என்பது, கடமையைச் செய்யாத அதிகாரியைச் செய்யச் சொல்லி உயர் நீதிமன்றம் இடும் உத்தரவு.)

ஜூன் 4

பட்டாவில் பெயர் மாற்றம், பரப்புக் குறைவு என்று வருபவற்றில் ஏராளமானவை 1979-இல் தொடங்கிய யு.டி.ஆர். (நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்கும்) பணியின்போது புகுந்த பிழைகள். கையில் இருக்க வேண்டியவை: யு.டி.ஆருக்கு முந்தைய அ-பதிவேடு (சர்வே எண்வாரியான கிராம நிலப் பதிவேடு), யு.டி.ஆர். அ-பதிவேடு, இன்றைய சிட்டா (யார் பெயரில் எவ்வளவு நிலம் என்று காட்டும் வருவாய்த்துறைப் பதிவு), புலப்படம் (நில அளவை வரைபடம்), மூலப்பத்திரம், வில்லங்கச் சான்று. பழைய சர்வே எண்தான் இந்தப் புதிய எண் என்று காட்டும் தாள் இல்லாவிட்டால், மற்றது எல்லாம் இருந்தும் மனு நிற்காது.

பத்திரம் ஏக்கர்–சென்ட் பேசும். சிட்டா ஹெக்டேர்–ஏர் பேசும். 1 ஏக்கர் 20 சென்ட் என்றால் 48.56 ஏர். சிட்டாவில் 0-40.50 (0 ஹெக்டேர் 40.50 ஏர்) என்று இருந்தால் ஏறத்தாழ 20 சென்ட் காணவில்லை. அது எங்கே ஏறியிருக்கிறது என்பது பக்கத்து உட்பிரிவுகளின் சிட்டாவையும் எடுத்தால்தான் தெரியும்.

ஜூன் 12

மனு யாருக்கு என்பதில்தான் பலர் சறுக்குகிறார்கள். முதல்வர் தனிப்பிரிவுக்கும் ஆட்சியருக்கும் அனுப்பிவிட்டு, முடிவெடுக்க வேண்டிய அதிகாரிக்கு ஒரு தாளும் போயிருக்காது. சாதாரணப் பட்டா மாறுதல் தாசில்தாரிடம். யு.டி.ஆரில் பெயரே மாறிப்போயிருந்தால் பெரும்பாலும் கோட்டாட்சியர் அல்லது மாவட்ட வருவாய் அலுவலர் மட்டம். சர்வே எண், தவறான பதிவு, சரியான பதிவு, ஆதாரத்தின் பக்க எண் எல்லாம் ஒரே தாளில் வரட்டும். ஒப்புகையுடன் பதிவுத் தபாலில் அனுப்பி, கையெழுத்தாகித் திரும்பும் ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள். பின்னால் நீதிமன்றம் முதலில் கேட்பது அதைத்தான்.

ஜூலை 25

பதில் இல்லையென்றால் தகவல் உரிமைச் சட்டத்தில் "மனு இப்போது யாரிடம் உள்ளது, என்ன நடவடிக்கை" என்று மட்டும் கேளுங்கள். 30 நாளில் வரும் பதில் தாமதத்துக்கு எழுத்துச் சான்று ஆகும்.

செப்டம்பர் 3

அப்படியும் அசையாவிட்டால் மாண்டமஸ் கேட்டு உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு, அரசியல் சட்டம் 226-ஆவது பிரிவின் கீழ். சென்னையா மதுரைக் கிளையா என்பது மாவட்டத்தைப் பொறுத்தது. வேண்டியவை: வக்காலத்து (வழக்கறிஞருக்குத் தரும் அதிகாரப் பத்திரம்), அஃபிடவிட் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்), மனு, டைப்டு செட் (ஆவண நகல்களின் தொகுப்பு). "பட்டாவைத் திருத்த உத்தரவிடுக" என்று கேட்பது வீண். நில உரிமை யாருக்கு என்பதை ரிட்டில் தீர்மானிக்க மாட்டார்கள். "இன்ன தேதியிட்ட மனுவைப் பரிசீலித்துக் குறித்த காலத்துக்குள் உத்தரவு பிறப்பிக்க" என்பதுதான் சரியான கோரிக்கை. அந்தத் தேதி அஃபிடவிட்டிலும் கோரிக்கையிலும் ஒன்றாக இருக்கிறதா பாருங்கள்.

இன்னொன்றை அழுத்திச் சொல்ல வேண்டும்: இப்போது பட்டாவில் இருப்பவரை எதிர்மனுதாரராகச் சேருங்கள். அவரை மறைத்து வாங்கிய உத்தரவு பிறகு அவர் ஆட்சேபித்ததும் ஆட்டம் காணும். அவரைக் கேட்காமல் பதிவை மாற்றுவது நியாயமும் இல்லை.

டிசம்பர் 10

உத்தரவு பொதுவாக "நகல் கிடைத்த நாளிலிருந்து 8 வாரம்" அல்லது "12 வாரம்" என்று வரும். நகலை அதிகாரியிடம் சேர்க்காதவரை கெடு ஓடாது. அரசு வழக்கறிஞர் அனுப்பிவிடுவார் என்று உட்கார வேண்டாம். பழைய மனு, ஆதாரங்களோடு நீங்களே ஒப்புகையுடன் அனுப்புங்கள்.

கெடு கடந்தும் அசைவில்லை என்றால் நீதிமன்ற அவமதிப்பு மனு. 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20-ஆவது பிரிவுப்படி ஓராண்டுக்குள். ஆனால் அதிகாரி விசாரித்து "நிராகரிக்கப்படுகிறது" என்று எழுதிவிட்டால் அது அவமதிப்பு ஆகாது. தாசில்தார் உத்தரவின் மேல் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு, அதன் மேல் மாவட்ட வருவாய் அலுவலரிடம் சீராய்வு: 1983-ஆம் ஆண்டுப் பட்டா பாஸ்புக் சட்டம், பிரிவுகள் 12, 13. உரிமையே தகராறு என்றால் சிவில் கோர்ட்டில் விளம்புகை வழக்கு (உரிமை யாருக்கு என்று அறிவிக்கக் கோரும் வழக்கு).