விண்ணப்பத்தில் இல்லாத வரி

அந்த ஒரு வரியை எடுத்துவிடலாம் என்று நான் சொன்னபோது யாரும் மறுக்கவில்லை என்பதே இன்றும் என்னை உறுத்துகிறது. குப்பை வண்டியின் பின்னால் நின்று வேலை செய்பவர்கள் ஏறத்தாழ அனைவரும் கறுப்பர்கள், வேலையை ஒதுக்கும் மேற்பார்வையாளர்கள் பெரும்பாலும் வெள்ளையர்கள் என்பதுதான் அந்த வரி. அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில் எங்கள் தொழிற்சங்கம் நகர மன்றத்துக்குக் கொடுக்கும் ஊதிய உயர்வு விண்ணப்பத்தில் அது இருந்தால், குடிநீர்ப் பிரிவிலுள்ள வெள்ளைத் தொழிலாளர்கள் கையெழுத்திடத் தயங்குவார்கள் என்று கணக்கிட்டேன்.

கணக்கு ஆதாரமற்றதன்று. வட கரோலினாவின் 1959-ஆம் ஆண்டுச் சட்டப்படி, அரசோ நகராட்சியோ தன் ஊழியர் சங்கத்தோடு ஒப்பந்தம் செய்துகொள்ள முடியாது; பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பு 2007-இல் குறை கூறிய பின்னும் அது நீடிக்கிறது. ஒப்பந்தம் இல்லாத இடத்தில் ஆள்பலம் ஒன்றே பலம். வெள்ளை ஆசிரியரையும் கறுப்புத் துப்புரவுத் தொழிலாளியையும் அச்சட்டம் ஒரே மாதிரிதான் கட்டிப்போடுகிறது என்று கூட்டத்தில் வாதிட்டேன்.

"அந்தச் சட்டத்தை இயற்றிய மாநிலச் சட்டசபையில் எங்கள் ஆட்கள் எத்தனை பேர் இருந்தார்கள், பிரதர்?" என்று மூத்த தொழிலாளி ஒருவர் கேட்டார். ஒருவர்கூட இல்லை, இருபதாம் நூற்றாண்டில் அச்சபைக்கு முதல் கறுப்பர் தேர்ந்தெடுக்கப்பட்டதே 1968-இல்தான். அதைச் சொன்னேன். அவர் தலையசைத்துவிட்டு, வரி நீங்கிய தாளிலேயே முதல் கையெழுத்தைப் போட்டார். அதைச் சம்மதமாக எடுத்துக்கொண்டேன். வேறு எப்படி எடுத்துக்கொள்வது?

அதே 1968-இல் மெம்பிஸ் நகரில் வேலைநிறுத்தம் செய்த சுமார் 1,300 கறுப்புத் துப்புரவுத் தொழிலாளர்கள் ஏந்திய புகழ்பெற்ற அட்டைகளில் ஊதியம் பற்றி ஒரு சொல்லும் இல்லை, 'நான் ஒரு மனிதன்' என்றே இருந்தது, அவர்கள் வென்றார்கள். ஆனால் அந்த உடன்பாடு அவர்களுக்கு ஆதரவாக வந்த மார்ட்டின் லூதர் கிங் அங்கே கொல்லப்பட்ட பிறகே வந்தது என்று எனக்கு நானே பதில் சொல்லிக்கொள்கிறேன்.

எங்களுக்கும் ஊதியம் உயர்ந்தது. எல்லாருக்கும் ஒரே விழுக்காடு என்பதால், வண்டித் தொழிலாளிக்கும் மேற்பார்வையாளருக்கும் உள்ள இடைவெளி டாலர் கணக்கில் முன்னைவிட அகன்றது. அந்த வரி இருந்திருந்தாலும் இதே விழுக்காடுதான் கிடைத்திருக்கும் என்று சில நாள் தோன்றுகிறது; கையெழுத்துகள் குறைந்து அதுவும் கிடைக்காமல் போயிருக்கும் என்று வேறு சில நாள் தோன்றுகிறது. இப்போது அடுத்த விண்ணப்பத்தைத் தொழிலாளர்களே எழுதுகிறார்கள். முதல் வரைவில் நிறத்தைப் பற்றி எதுவும் இல்லை. அது அவர்களாக விட்டதா, நான் பழக்கியதா என்பதை அவர்களிடம் எப்படிக் கேட்பது என்றும் தெரியவில்லை.